கூப்பிட்டபோது வராதவள்

பதினாறாம் அத்தியாயம்

மரம் அறுத்து விற்க அப்பா விட்டுப்போன மரவாடி யாருக்கு என்று அக்காவும் தம்பியும் கோர்ட் படியைத் தேய்த்துக்கொண்டிருக்கும் கதையைத்தான் இத்தனை வாரமாகப் பார்த்துவருகிறோம். கீழ்க்கோர்ட்டில் தம்பி ஜெயித்தான். அக்கா விடவில்லை. மேல்முறையீடு செய்து, அது முடியும்வரை இடத்தை விற்கக்கூடாது என்று தடையும் வாங்கினாள். போன வாரம் அவளுடைய வக்கீல், இந்த வழக்கே எனக்கு வேண்டாம் என்று வழக்குக் காகிதக் கட்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டு நழுவினார். யார் மிரட்டி நழுவினார் என்று அவரும் சொல்லவில்லை.

நீதிபதி கடைசி வாய்தா கொடுத்திருந்தார். அன்றைக்கு அக்கா நேரில் வந்து நிற்கவேண்டும். புது வக்கீலம்மா கோர்ட் வாசலில் காத்திருப்பார். வக்காலத்தில் அக்கா கையெழுத்துப் போட்டால்தான் வக்கீலம்மா வாய் திறக்க முடியும். வராவிட்டால் அப்பீல் தள்ளுபடி. அதோடு தடையும் போய்விடும்.

அந்த நாள் விடிந்துவிட்டது.

தம்பியின் மனைவியை அந்தக் குடும்பத்தில் யாரும் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. ஊசி. ஆள் ஒல்லி, பேச்சு கூர்மை, தொழிலும் தையல். பெயர் வைத்தவள் அக்கா. அந்த அக்காவுக்கும் ஒரு பட்டப்பெயர் உண்டு. மேஸ்திரி. பாவாடை சட்டை போட்ட வயதிலேயே அப்பாவோடு ரம்பத்தின் முன் நின்றவள். கல்யாணம் காட்சி எதுவும் வைத்துக்கொள்ளாமல் மரவாடியின் பின்னறையிலேயே குடியிருந்தாள். வழக்கு வந்தபிறகு தம்பி அவளோடு பேச்சை நிறுத்திவிட்டான். ஊசி மட்டும் தெருவில் பார்த்தால் ஒரு வார்த்தை, சிரிப்பு என்று வைத்துக்கொண்டிருந்தாள். அதற்காக வீட்டில் இரண்டு முறை அடியும் வாங்கியிருந்தாள்.

அன்று காலை ஊசியின் கணவன் மடிப்புக் கலையாத சட்டை போட்டுக்கொண்டான். வாய்தா நாள் என்றால் எரிந்து விழுகிறவன், கண்ணாடி முன் நின்று விசிலடித்தான். சாப்பாடு நன்றாக இருக்கிறது என்றுகூடச் சொன்னான். நானும் வரட்டுமா என்று ஊசி கேட்டதற்கு, வேண்டாம், சீக்கிரமே முடிந்துவிடும் என்றான்.

அப்பீல் வாதம் எப்படிச் சீக்கிரம் முடியும் என்று ஊசிக்குப் புரியவில்லை. பள்ளிக்கூடச் சீருடைகள் மேசையில் குவிந்து கிடந்தன. மிஷினை மிதிக்கத் தொடங்கினாள்.

பின்பக்கக் குழாயில் தண்ணீர் ஓடும் சத்தம் கேட்டது. எட்டிப் பார்த்தாள். அவளுடைய சொந்த அண்ணன், வேன் ஓட்டுகிறவன், சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு கையைக் கழுவிக்கொண்டிருந்தான். தண்ணீர் சிவப்பாக ஓடியது.

"பஞ்சும் மருந்தும் எடு பாப்பா" என்றான் திரும்பாமல்.

"என்ன ஆச்சு?"

"நாய் கடிச்சிடுச்சு."

கையைத் துணியில் வாங்கித் துடைத்தாள். கட்டைவிரலுக்குக் கீழே சதை பிய்ந்து தொங்கியது. நாய்ப்பல் துளை போடும். இது துளை இல்லை. மேலே ஒரு வரிசை, கீழே ஒரு வரிசை, பிறை பிறையாக. ஈரச் சட்டையில் மரத்தூள் அப்பியிருந்தது.

"எந்த நாய்?"

"ரொம்ப நாளா குரைச்சுக்கிட்டிருந்த நாய். மத்தியானம் வரைக்கும் கட்டிப் போட்டிருக்கு." சிரித்தான். "டாக்டர்கிட்ட போய் ஊசி போட்டுக்கணும். இந்த வீட்டு ஊசி அதுக்குப் பயன்படாது."

வேறு நாளாக இருந்தால் அவளும் சிரித்திருப்பாள். சின்ன வயதிலிருந்து அவளைச் சிரிக்க வைத்தவன் அவன்தான். மரவாடி இடம் கைமாறினால் அதில் ஒரு மூலை அவனுக்கு, வேன் நிறுத்த, என்று கணவன் வாக்குக் கொடுத்திருந்ததும் அவளுக்குத் தெரியும். ஒன்றும் கேட்காமல் கட்டுப் போட்டுவிட்டாள்.  

வேன் தெருமுனை திரும்பும்வரை நின்றாள். பிறகு ஸ்கூட்டரை எடுத்தாள்.

மரவாடிக் கதவு பாதி சாத்தியிருந்தது. வாசலில் அண்ணனுடைய கூட்டாளி, குட்டையன் என்று எல்லோரும் சொல்கிற ஆள், முக்காலியில் உட்கார்ந்திருந்தான். உள்ளே பெரிய ரம்பம் ஓடிக்கொண்டிருந்தது. இரண்டு இரும்புச் சக்கரங்களின்மேல் பெல்ட் மாதிரி ஓடுகிற ரம்பம் அது. மரம் அறுக்கும்போது அதன் குரல் கனமாக இருக்கும். இப்போது மெலிசாகக் கீச்சிட்டது. அறுக்க மரமே இல்லாமல் சும்மா ஓடுகிறது. எதையோ வெளியே கேட்கவிடாமல் செய்வதற்காக ஓடுகிறது.

"இன்னைக்கு லீவு தங்கச்சி" என்றான் குட்டையன்.

ஊசிக்குப் பொய் சுலபமாக வராது. அன்று வந்தது. அண்ணன் டாக்டர் வீட்டு வாசலில் மயங்கி விழுந்துவிட்டான், தூக்க ஆளில்லை, உன்னைத்தான் வரச்சொன்னார்கள் என்றாள். குட்டையன் பைக்கை உதைத்துக்கொண்டு ஓடினான்.

பலகை அடுக்கும் அறையில் பூட்டுத் தொங்கியது. சாவி தேட நேரமில்லை. சுவரோரம் சாய்த்திருந்த கடப்பாரையைத் தாழ்ப்பாளுக்குள் கொடுத்துத் தன் எடை முழுவதையும் போட்டுத் தொங்கினாள். அவள் எடை என்ன பெரிய எடை. மூன்றாவது தடவை ஆணி பிடுங்கிக்கொண்டு வந்தது. கடப்பாரையோடு அவளும் தரையில் விழுந்தாள்.

மேஸ்திரி பலகை அடுக்கில் சாய்ந்து கிடந்தாள். வாயில் துணி. கால்களில் கயிறு. வலது கை தூணோடு சேர்த்துக் கட்டப்பட்டிருந்தது. இடது கையைக் கட்டவில்லை, கட்டத் தேவையில்லை. முழங்கைக்குக் கீழே அது தப்பான பக்கம் திரும்பியிருந்தது. ஒரு கண் மூடி வீங்கியிருந்தது. முகத்தின் பாதியில் ரத்தம் காய்ந்து, அதன்மேல் மரத்தூள் ஒட்டி, யாரோ அரைகுறையாகச் செதுக்கி வைத்த பொம்மை மாதிரி இருந்தாள்.

ஊசி துணியை உருவினாள்.

"மணி என்ன?" என்றாள் மேஸ்திரி.

ஊசி கைபேசியைக் காட்டினாள்.

"இன்னும் கூப்பிட்டிருக்க மாட்டாங்க. கயிறை அறு."

ஊசியின் இடுப்புப் பையில் எப்போதும் கத்தரிக்கோல் இருக்கும். கயிற்றை அறுத்தாள். அதற்குள் மேஸ்திரி சொன்னது கொஞ்சம்தான். வழக்குக் காகிதக் கட்டை அக்குளில் இடுக்கிக்கொண்டு வெளியே வந்திருக்கிறாள். வேன் பின்னால் வந்து இடித்துத் தள்ளியிருக்கிறது. விழுந்தவளின் கையை மிதித்து, முடியைப் பிடித்து உள்ளே இழுத்துப்போய், முகத்தில் உதைத்திருக்கிறார்கள். கையைக் கடித்ததற்குத் தனியாக ஒரு உதை.

"எந்திரிக்க முடியுமா அக்கா?"

"உன்மேல சாஞ்சா முடியும். நீ முறியாம இருந்தா சரி."

இரண்டு பேரும் ரம்பத்தைத் தாண்டி வருவதற்குள் வேன் உள்ளே நுழைந்தது. அண்ணனை வழியிலேயே குட்டையன் பார்த்துவிட்டான்போல. அண்ணன் மட்டும் இறங்கி வந்தான். கட்டுப் போட்ட கையைப் பார்த்தான். தங்கையைப் பார்த்தான். கோபம்கூட இல்லை அவன் முகத்தில், ஏமாந்துபோன முகம்.

"ஏன் பாப்பா உனக்கு இந்த வேலை? வீட்டுக்குப் போ."

"அண்ணா, கை உடைஞ்சிருக்கு. ஆஸ்பத்திரிக்காவது கூட்டிட்டுப் போறேன், விடு."

"மத்தியானத்துக்கு மேல கூட்டிட்டுப் போ."

அவள் நகரவில்லை. அவன் அடித்த அடியில் அவள் பலகைகளின்மேல் போய் விழுந்தாள். காதுக்குள் ஒரே இரைச்சல். அது ரம்பமா தன் தலையா என்று தெரியவில்லை. எழுந்தபோது அவன் மேஸ்திரியின் பின்னலைக் கையில் சுற்றிக்கொண்டு அறைப்பக்கம் இழுத்துக்கொண்டிருந்தான். மேஸ்திரி சும்மா போகிற ஆளில்லை. நல்ல கையால் ரம்பத்தின் மேசையைப் பிடித்துக்கொண்டாள். விடுடி என்று அவன் அவள் முறிந்த கையைப் பிடித்துத் திருகினான். அவள் அலறினாள். பிடி விட்டுப்போய் மேசைமேல் சரிந்தாள்.

ஓடுகிற ரம்பத்துக்கும் அவள் கழுத்துக்கும் நடுவே ஒரு சாண்தான் இருந்தது. அண்ணன் அதைப் பார்க்கவில்லை. அல்லது பார்த்தானோ என்னவோ. முழங்காலால் அவள் முதுகை மேசையோடு அழுத்தினான். அவள் சேலைத் தலைப்பு ரம்பத்தில் மாட்டி, கிழிந்து, துணுக்குத் துணுக்காகப் பறந்தது.

ஊசியின் கையில் ரீப்பர் கட்டை எப்போது வந்தது என்று அவளுக்கே நினைவில்லை. கூரைக்கு ஓடு பதிக்க அடிக்கிற நீளச் சட்டம். இரண்டு கையாலும் ஓங்கினாள். முதல் அடி தோளில் விழுந்தது. அவன் திரும்பினான். "பாப்பா" என்றான். இரண்டாவது அடி காதுக்கு மேலே விழுந்தது. அவன் பக்கவாட்டில் சாய்ந்தான். மேசைக்குக் கீழே ஓடும் இரும்புத் தண்டவாளத்தில் அவன் தலை மோதிய சத்தம் ரம்பச் சத்தத்தையும் மீறிக் கேட்டது.

ஊசி ஓடிப்போய் சுவிட்சை அணைத்தாள். ரம்பம் நிற்க நேரம் எடுத்தது. நின்றதும், மேஸ்திரி மூச்சு விடுவது கேட்டது. அண்ணன் மூச்சு கேட்கவில்லை. குனிந்து மூக்கருகில் விரலை வைத்தாள். இருந்தது. கொஞ்சமாக இருந்தது. காதிலிருந்து ரத்தம் வழிந்து மரத்தூளில் இறங்கியது. தூள் அதைக் குடித்துக்கொண்டே இருந்தது.

"நீ அவனைப் பாரு" என்றாள் மேஸ்திரி. "கூடப் பொறந்தவன். நான் எப்படியாவது போயிக்கறேன்."

எப்படியாவது என்றால் எப்படி? ஒரு கையால் ஸ்கூட்டர் ஓட்ட முடியாது. தெருவில் இந்தக் கோலத்தில் அவளை எந்த வண்டியும் ஏற்றாது. ஊசி அண்ணனுடைய தலையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டாள். அம்மா போனபிறகு அவளுக்குத் தலை பின்னிவிட்டவன். இவனை விட்டுவிட்டுப் போனால் அந்தப் பாவம் தன்னைச் சும்மா விடாது என்று தோன்றியது. போகாமல் இருந்தால், இவன் செய்ய வந்ததைத் தானே செய்து முடித்த மாதிரி ஆகும் என்றும் தோன்றியது.

குட்டையன் பைக்கில் வந்து சேர்ந்தான். பார்த்ததும் பைக்கை அப்படியே கீழே போட்டான். ஊசி கத்தவில்லை. இவனை வேனில் ஏற்று, தலை ஆடாமல் பிடி, நேரே ஆஸ்பத்திரி, எங்கேயும் நிறுத்தாதே, நின்றாயானால் உன்னையும் சேர்த்துச் சொல்வேன் என்றாள். இரண்டு பேரும் சேர்ந்து தூக்கி ஏற்றினார்கள். வேன் போனதும் மேஸ்திரியைப் பின்னால் உட்காரவைத்து, அவளுடைய கிழிந்த சேலை முனையாலேயே இருவர் இடுப்பையும் சேர்த்துக் கட்டிக்கொண்டு ஸ்கூட்டரைக் கிளப்பினாள்.

ஒவ்வொரு குழியிலும் மேஸ்திரி பல்லைக் கடிக்கிற சத்தம் அவள் காதோரம் கேட்டது.

கோர்ட் தாழ்வாரத்தில் கூட்டம் விலகி வழிவிட்டது. வக்கீலம்மா எதிரே ஓடிவந்தார். மேஸ்திரியைப் பார்த்ததும் அவர் கையிலிருந்த கையெழுத்தில்லாத வக்காலத்து நழுவிக் கீழே விழுந்தது.

"கூப்பிட்டுட்டாங்க" என்றார். "இப்பத்தான்."

டவாலி வாசலில் நின்று மேஸ்திரியின் பெயரை மூன்று முறை கூப்பிட்டிருக்கிறார். உள்ளே வக்கீலம்மா எழுந்து, கொஞ்ச நேரம் பொறுத்து எடுக்கவேண்டும் என்று கேட்டிருக்கிறார். நீங்கள் யாருக்காக ஆஜராகிறீர்கள் என்று நீதிபதி கேட்க, பதில் சொல்லக் காகிதம் இல்லை. எதிர்த்தரப்பு வக்கீல், அப்பீல் போட்டவருக்கே அக்கறை இல்லை, எத்தனை நாள்தான் என் கட்சிக்காரர் அலைவார் என்றிருக்கிறார். மேல்முறையீட்டாளர் ஆஜராகாததால் தள்ளுபடி. அவ்வளவுதான். அப்பா உழைத்த காலம், மேஸ்திரி உழைத்த காலம் எல்லாம் ஒரே வரியில் முடிந்துவிட்டது.

மேஸ்திரி யாரையும் கேட்கவில்லை. நேரே உள்ளே நடந்தாள். வேறு வழக்கு நடந்துகொண்டிருந்தது. வக்கீல்கள் பேச்சை நிறுத்தினார்கள். நீதிபதி நிமிர்ந்து பார்த்தார்.

"ஐயா, என்னைக் கூப்பிட்டீங்களாம்" என்றாள். "வந்துட்டேன்."

 முன்வரிசையில் உட்கார்ந்திருந்த கணவன் எழுந்து நின்றான். அவன் கண் முதலில் அக்காவிடம் போகவில்லை, பின்னால் நின்ற மனைவியிடம்தான் போனது. அவளுடைய கன்னத்துக்குப் போய், அங்கிருந்து அவள் மடியில் இருந்த ரத்தக்கறைக்கு வந்து நின்றது.

நீதிபதி மோசமானவர் இல்லை. முதலில் தண்ணீர் கொடுக்கச் சொன்னார், டாக்டரிடம் கூட்டிப்போகச் சொன்னார், காவலுக்கு நின்ற போலீஸ்காரரைக் கூடப் போகச் சொன்னார். பிறகு, உத்தரவு போட்டாயிற்று, இந்த நிலையில் அதை வாய்வார்த்தையில் மாற்ற முடியாது என்றார். வரமுடியாமல் போனதற்குப் போதிய காரணம் இருந்தால் மனுப் போடலாம். சத்தியம் செய்து எழுதித் தரவேண்டும். பார்த்த சாட்சி இருந்தால் நல்லது. காரணம் உண்மை என்று பட்டால் அப்பீலை மறுபடி எடுத்துக்கொள்வார்.

எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்தார். வண்டியிலிருந்து விழுந்தாலும் இப்படித்தான் அடிபடும், பார்த்தவர் யார் என்று கேட்டார்.

ஊசியின் மணிக்கட்டை அதற்குள் கணவன் பிடித்திருந்தான். யாருக்கும் தெரியாமல், அவள் சேலை மடிப்புக்குள். எலும்பு நொறுங்குகிற பிடி. அவள் வாய் திறக்கவில்லை. மேஸ்திரி திரும்பிப் பார்த்தாள். ஊசி தலையைக் குனிந்துகொண்டாள்.

ஆஸ்பத்திரியில் கீழ்த்தளத்தில் மேஸ்திரிக்கு மாவுக்கட்டுப் போட்டார்கள். மேல்தளத்தில் அண்ணன் நினைவில்லாமல் கிடந்தான். மண்டையில் விரிசல் என்றார்கள். இரண்டுக்கும் நடுவில் இருந்த மாடிப்படியில்தான் கணவன் ஊசியை மடக்கினான்.

 கழுத்தைப் பிடித்துச் சுவரோடு சாத்தினான். அவள் கால் விரல்கள் தரையில் துழாவின. மேலே யாரோ இறங்குகிற சத்தம் கேட்டதும் கையை எடுத்துவிட்டு அவள் சேலையைச் சரிசெய்வதுபோல் நின்றான். வெள்ளுடுப்பு நர்ஸ் ஒருத்தி தாண்டிப் போனாள்.

"நான் தடுத்து வைக்கத்தான் சொன்னேன்" என்றான் பிறகு. "அடிக்கச் சொல்லலை."

அப்படியானால் இவனுக்குத் தெரியும். காலையிலிருந்து அவள் தன்னிடமே கேட்கப் பயந்த கேள்விக்குக் கேட்காமலே பதில் வந்துவிட்டது. அவளுக்கு அழுகை வரவில்லை. இருமல்தான் வந்தது.

குட்டையன் சொல்லி மரவாடியில் நடந்தது அவனுக்குத் தெரிந்திருந்தது. அவன் நிதானமாகப் பேரம் பேசினான். மரம் சரிந்து தலையில் விழுந்தது என்று அவள் அண்ணன் சொல்வான். அவள் அக்காவைத் தெருவில் பார்த்து ஏற்றிக்கொண்டு வந்தாள், வேறொன்றும் தெரியாது. அக்கா வண்டியிலிருந்து விழுந்தாள். அவள் வேறு மாதிரிச் சத்தியம் செய்தால், அண்ணனை அடித்தது யார் என்ற கேள்வியும் வரும். ஜெயிலுக்குப் போகப்போவது அவள்தான். வாயை மூடிக்கொண்டால் எல்லோருக்கும் நல்லது, அவளுக்குத்தான் ரொம்ப நல்லது.

"அண்ணன் கண்ணைத் திறந்தானா?"

"இன்னும் இல்லை."

"அப்புறம், மரம் விழுந்துச்சுன்னு அவன் சொல்லுவான்னு நீங்க எப்படிச் சொல்றீங்க?"

பதிலுக்குக் கை ஓங்கினான். ஊசி இந்த முறை கண்ணை மூடவில்லை. இடுப்புப் பையிலிருந்து கத்தரிக்கோலை எடுத்து, அவனுக்கும் தனக்கும் நடுவே பிடித்துக்கொண்டாள். குத்தவேண்டும் என்றில்லை. இனிமேல் தொடாதே என்று சொல்ல அவளிடம் அப்போது வேறு வார்த்தை இல்லை. அவன் கத்தரியைப் பார்த்தான். ஓங்கிய கையால் தலைமுடியைக் கோதிக்கொண்டு மேலே ஏறிப்போனான்.

அவள் கீழே இறங்கினாள். படியில் ஒருமுறை உட்கார்ந்தாள். அண்ணன் செத்துப்போனால் என்ற நினைப்பு வந்தது.  கொலைகாரி என்று சொல்வார்கள். தைத்துக் கொடுத்த சட்டைகளைப் போட்டுக்கொண்டு பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகும், அவள் உள்ளே இருப்பாள். மேஸ்திரிக்காகவா? மேஸ்திரி அவளுக்கு என்ன உறவு, கணவனோடு சேர்ந்து வந்த உறவு. இப்போது அந்தக் கணவனே இல்லை என்று ஆனபிறகு, அவள் யார்?

எழுந்து நடந்தாள்.

மேஸ்திரி கட்டிலில் படுத்திருந்தாள். வக்கீலம்மா பக்கத்தில் உட்கார்ந்து வாக்குமூலம் எழுதிக்கொண்டிருந்தார். பார்த்த சாட்சி என்ற இடம் காலியாக இருந்தது.

"என்னை எழுதுங்க" என்றாள் ஊசி. "கடி பட்ட கைக்குக் கட்டுப் போட்டதிலேர்ந்து எல்லாம் சொல்றேன். கட்டையால அடிச்சது நான்னும் எழுதுங்க."

வக்கீலம்மா பேனாவை நிறுத்தினார். அதை இதில் எழுதவேண்டிய அவசியமே இல்லை என்றார். வரவிடாமல் அடைத்து வைத்தார்கள் என்பது போதும். மேஸ்திரியும் தலையைத் தூக்கினாள்.

"அதை விட்டுடு ஊசி. மரவாடி போனா போகுது. நீ உள்ள போய் எனக்கு இடம் வேண்டாம்."

"பாதியைச் சொன்னா, அவங்க வக்கீல் மீதியைக் கேப்பார் அக்கா. அப்ப நான் முழிச்சா, சொன்ன பாதியும் பொய்யாயிடும்."

வக்கீலம்மா பேனாவை மறுபடி ஊன்றி எழுதத் தொடங்கினார். உங்கள் கணவருக்கு இது தெரியுமா என்று நடுவில் கேட்டார். ஊசி மாடிப்படியில் நடந்ததைச் சொன்னாள். கழுத்தில் விரல் பதிந்த தடங்களையும் காட்டினாள். எழுதி முடித்ததும் தன் முழுப்பெயரைக் கையெழுத்துப் போட்டாள். மேஸ்திரி நல்ல கையை நீட்டி அவள் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். 

மேலிருந்து நர்ஸ் வந்தாள். உங்கள் அண்ணன் கண் விழித்துவிட்டார் என்றாள். போலீஸ்காரர் எவ்வளவு கேட்டும் வாய் திறக்கவில்லையாம். பாப்பா எங்கே, பாப்பா எங்கே என்று மட்டும் கேட்கிறாராம்.

ஊசி மறுபடி படி ஏறினாள். அறையில் அண்ணனுடைய தலை முழுக்கக் கட்டு. ஒரு கண் சரியாக நிற்காமல் அலைந்தது. கோர்ட்டில் பார்த்த அதே போலீஸ்காரர் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்திருந்தார். கட்டிலின் தலைமாட்டில் கணவன் நின்றான். அண்ணனுடைய தோளில் அன்பாகக் கை வைத்திருந்தான்.

"சொல்லுங்க மச்சான்" என்றான். "மரம்தானே சரிஞ்சுது."

அண்ணனுடைய அலைந்த கண் சுற்றிச் சுற்றி வந்து தங்கையிடம் நின்றது. அவன் தலையாட்டத் தயாராகிவிட்டான் என்பது அவளுக்குத் தெரிந்தது. அவளுக்காகத்தான் ஆட்டப்போகிறான். இவ்வளவு அடித்தவளுக்காக.

"மரம் இல்லை சார்" என்றாள் ஊசி. "நான்தான் அடிச்சேன். ஏன் அடிச்சேன்னு கீழ எழுதிக் கொடுத்துட்டு வந்திருக்கேன்."

கணவனுடைய கை அண்ணன் தோளிலிருந்து விழுந்தது. போலீஸ்காரர் ஊசியின் கன்னத்தையும் கழுத்தையும் ஒரு முறை பார்த்தார். பிறகு புதுக் காகிதம் ஒன்றை எடுத்துத் தொடையில் வைத்துக்கொண்டார்.

அண்ணன் கண்களை மூடிக்கொண்டான். மூடிய இமைக்குக் கீழிருந்து தண்ணீர் இறங்கிக் கட்டுத்துணிக்குள் போனது. வெகுநேரம் அப்படியே கிடந்தான். திரும்பவும் நினைவு தப்பிவிட்டதோ என்று ஊசி கட்டிலருகே போனாள். அவன் கடிபட்ட கையை நகர்த்தி அவள் விரலைத் தேடிப் பிடித்தான்.

"அவ சொல்றது நிஜம் சார்" என்றான். நாக்கு குழறியது. "அவளை விடுங்க. அந்தப் பொம்பளை கோர்ட்டுக்குப் போகாம பாத்துக்கன்னு என்கிட்ட சொன்னது யாருன்னு கேளுங்க. இங்கதான் நிக்கறாரு."

போலீஸ்காரர் நிமிர்ந்தார். ஊசி திரும்பினாள்.

தலைமாட்டில் யாரும் இல்லை. அறைக்கதவு மெதுவாக ஆடிக்கொண்டிருந்தது. கீழே, மேஸ்திரி படுத்திருந்த பக்கத்திலிருந்து, விடுங்க, விடுங்க என்று வக்கீலம்மா யாரிடமோ கத்துகிற குரல் மாடிவரை கேட்டது.